அப்பா மலைக்குப் போயிருக்கு

கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து சாருகா கேட்ட கேள்விக்கு மருதைவீரன் இன்னும் பதில் சொல்லவில்லை. சொல்லாமல் இருக்க நல்ல சாக்கு ஒன்று வாய்த்திருந்தது. ஒலிப்பதிவு செய்கிற யோஹென், ஒரு வயர் கரகரக்கிறது, மாற்று வயர் வண்டியில் இருக்கிறது, வண்டியோ இரண்டு தெரு தள்ளி நிற்கிறது என்று சொல்லிவிட்டுக் கீழே இறங்கிப் போயிருந்தான். வர இருபது நிமிடமாவது ஆகும். எழுபத்தோரு வயதில் இருபது நிமிடம் சும்மா உட்காரக் கிடைப்பது பெரிய காரியம்தான், ஆனால் உட்காரக் கிடைத்த இடம் அப்படி. நாலு சுவரிலும் முட்டைத் தட்டுப்போலப் புடைத்த கறுப்புப் பஞ்சு. மூக்குக்கு நேரே மைக். காதைக் கவ்விய ஹெட்போனில் தன்னுடைய மூச்சே, யாரோ நோயாளி பக்கத்தில் படுத்திருப்பதுபோலக் கேட்டது. பெர்லின் நகரத்தில் ஒரு பழைய கட்டடத்தின் பின்முற்றத்து மூன்றாம் மாடியில், பட்டப்பகல் மூன்று மணிக்கு, வெளிச்சமும் சத்தமும் இல்லாத ஒரு பெட்டிக்குள் தன்னை அடைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும் இந்த ஆள் ஒருகாலத்தில் மைக்கே இல்லாமல் எண்ணூறு பேருக்குக் கேட்கப் பேசியவன் என்று சொன்னால் யார் நம்புவார்கள். யோஹென் நம்பமாட்டான். அவன் காலையிலிருந்து இன்னும் மெதுவாக, இன்னும் மெதுவாக என்றுதான் சொல்லிக்கொண்டிருக்கிறான். படம் இன்று மாலைக்குள் போய்ச் சேரவேண்டும். போனபிறகு ஓர் எழுத்தைக்கூட மாற்ற முடியாது. படத்துக்கு அடியில் ஜெர்மன் எழுத்து போடுகிற வேலை சாருகாவுடையது. சாவகச்சேரிப் பக்கத்திலிருந்து வந்த தாய் தகப்பனுக்கு இங்கே பிறந்த பிள்ளை, வீட்டிலும் சனிக்கிழமைப் பள்ளியிலுமாகத் தமிழ் படித்தவள், கெட்டிக்காரி. அவள்தான் யோஹென் போன கையோடு கேட்டாள்: "அங்கிள், இதில பாக்கியம் அன்ரி 'அப்பா மலைக்குப் போயிருக்கு' எண்டு சொல்லுறா. நான் அப்பா மலை ஏறப் போயிட்டார் எண்டு போட்டிருக்கிறன். சரிதானே?"

சரிதானே. ஆமாம் என்றால் ஒரு சொல், இல்லை என்றால் ஒரு சொல், எதைச் சொன்னாலும் அவள் தலையை ஆட்டிவிட்டு அடுத்த வரிக்குப் போய்விடுவாள். அதைத்தான் சொல்ல வரமாட்டேன் என்கிறது. தண்ணீரை எடுத்துக் குடித்தார். தொண்டை காயவில்லை, சும்மா குடித்தார். அந்தப் பிள்ளையைக் குற்றம் சொல்ல முடியாது. யாழ்ப்பாணத்தில் ஏறிப் பார்க்க ஒரு மேடு உண்டா, அவளுக்கு மலை என்றால் மலைதான், பனி மூடியது, படத்தில் இருப்பது. இவர் பிறந்த தேயிலைத் தோட்டத்தில் மலை என்றால் வேறு. தேயிலை நிற்கிற இடமெல்லாம் மலை. அஞ்சாம் நம்பர் மலை, ஸ்கூல் மலை, பாலத்து மலை என்று ஒவ்வொரு துண்டுக்கும் பேர் வைத்து, காலையில் கொம்பு ஊதினதும் ஆணும் பெண்ணும் மலைக்குப் போவார்கள், சாயங்காலம் மலையிலிருந்து வருவார்கள். மலைக்குப் போகாதவன் சோம்பேறி, மலைக்குப் போக முடியாதவள் நோயாளி. ஒருத்தராவது அதை அண்ணாந்து பார்த்து மலை என்று நினைத்ததில்லை. மலைக்குப் போயிருக்கு என்றால் வேலைக்குப் போயிருக்கிறது, அவ்வளவுதான். இதே மாதிரிதான் தோட்டமும். எண்பத்து நாலில் இந்த ஊருக்கு வந்து அகதி விண்ணப்பம் போட்டபோது, மொழிபெயர்க்க உட்கார்ந்திருந்த யாழ்ப்பாணத்துப் பெரியவர், நான் தோட்டத்தில் பிறந்தவன், தோட்டத்தில் வேலை செய்தவன் என்று இவர் சொல்லச் சொல்ல, தன் ஊரில் மிளகாயும் வெங்காயமும் போடுகிற வீட்டுத் தோட்டத்தை நினைத்துக்கொண்டு அதையே ஜெர்மனில் சொல்லிக்கொண்டு போனார். அதிகாரி அந்தத் தோட்டம் எத்தனை சதுர மீட்டர் என்று கேட்டான். இவர் ஆயிரத்து இருநூறு ஏக்கர் என்றார். அதிகாரி பேனாவை வைத்துவிட்டு இவருடைய செருப்பைப் பார்த்தான். இன்றைக்கும் இவருடைய காகிதங்களில் பழைய தொழில் என்ற இடத்தில் தோட்டக்காரர் என்றுதான் இருக்கிறது. ஓர் ஆஸ்பத்திரியின் சலவைக் கூடத்தில் இருபத்தைந்து வருடம் கட்டில் துணி வெளுத்த தோட்டக்காரர். இதைச் சொல்லி எத்தனையோ மேடையில் சிரிக்க வைத்திருக்கிறார். படத்திலும் வருகிறது, ஜனங்கள் சிரிப்பார்கள். ஆனால் சாருகா செய்திருப்பது அப்படிப்பட்ட பிழை அல்லவே. பிள்ளை ஒன்றும் தெரியாமல், தோட்டத்துப் பேச்சுத் தெரியாத ஒரே காரணத்தால், உண்மையை எழுதி வைத்திருக்கிறது. பாக்கியத்தின் அப்பா இருளப்பன் அன்றைக்கு மலை ஏறத்தான் போயிருந்தான். தோட்டத்துச் சனம் பாதமலை என்கிற சிவனொளிபாத மலைக்கு, பொஞ்சாதிக்கு நேர்ந்துகொண்ட வேண்டுதலுக்கு, கால்நடையாக. அதைத் திருத்து அம்மா, அது வேலைக்குப் போனார் என்று அர்த்தம் என்று சொன்னால், நாற்பத்தெட்டு வருடத்துக்குப் பிறகு அதே பொய்யை ஜெர்மன் எழுத்தில் ஒருமுறை அச்சடித்தது போலாகும். சரிதான் என்று விட்டுவிட்டால், அந்த ஒரு வார்த்தைக்கு ஒரு பொம்பளை ஏன் அப்படி முகத்தை மூடிக்கொள்கிறாள் என்று பார்க்கிறவனுக்கு விளங்காது. விளங்காவிட்டால் என்ன. விளங்காததைத்தான் இவர்கள் கவிதை என்கிறார்கள்.

கவிதை என்றே எழுதிவிட்டார்கள். படத்தைத் திரையிடப்போகிற அருங்காட்சியகம் போட்ட அறிவிப்பில், தேயிலையில் கழுவிய நினைவு என்று ஒரு வரி. படிக்கும்போதே இவருக்குக் கை துறுதுறுத்தது, ஏனென்றால் கோஷத்தைக் கண்டால் இவருக்குத் தெரியும், அதுவே தொழிலாக இருந்தவர். ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடம் முடிந்தது, மிச்சப் படிப்பெல்லாம் துண்டுப் பிரசுரம். வேறு யாரோ எழுதியதைப் படித்தார், பிறகு தானே எழுதினார், எழுபத்து மூன்று பிரசுரம், ஒவ்வொன்றும் கணக்காய் ஒரு தாள். ஐம்பத்தெட்டு வயதில், சலவைக் கூடத்தில் முதுகு போய் வீட்டில் உட்கார்ந்தபோது, பக்கத்துப் பண்பாட்டு மன்றத்தில் பழைய கேமராவில் படம் எடுக்கக் கற்றுக்கொடுத்தார்கள், போனார். மருந்து இல்லாமல் தேயிலைச் சாயத்தில் பிலிமைக் கழுவலாம் என்று ஒரு பெண் சொன்னாள். தூளைக் கொதிக்க வைத்து, சலவைச் சோடா கலந்து, இருட்டறையில் இருபத்தைந்து நிமிடம் ஆட்டினால் உருவம் எழும்பும். சலவைச் சோடா இவருக்குக் கைவந்த சாமான், தேயிலை பிறவிச் சாமான். முதல் சுருள் பழுப்பேறி, கறை கறையாக, தோட்டத்துச் சனம் வரிசையாய்க் குடியிருக்கிற லயத்துச் சுவரைப்போல வந்தது. எல்லோரும் வாயைப் பிளந்தார்கள். அப்படியே பதின்மூன்று வருடம், சின்னச் சின்னப் படம் ஒன்பது. புலம்பெயர்ந்த கலைஞர் என்றார்கள், அடையாளத்தைத் தேடுகிறவர் என்றார்கள். அடையாளம் எங்கே தொலைந்தது தேடுவதற்கு, அதைத்தான் தினமும் செக்ரோல் என்கிற வருகைப் பதிவில் எழுதினார்களே. பேர் என்றால் ஒரு நாள் சம்பளம், கொழுந்து நிறை குறைந்தால் அரைப் பேர், சரியாயிருந்தால் முழுப் பேர், வாய் நீண்டால் பேர் வெட்டு. ஒரு மனுசிக்கு இன்றைக்கு அரைப் பேர்தான் என்று கணக்கப்பிள்ளை சொன்னால் அவள் அரை மனுசியாக லயத்துக்கு வருவாள். அந்த அரைப் பேரை ஒழிக்கத்தான் எழுபத்தாறில் இவர் தலைமையில் நடந்த அந்த வேலைநிறுத்தமே. இந்தப் படத்துக்கும் அதுதான் தலைப்பு, அரைப் பேர். கடைசிப் படம், இதற்கு மேல் கை நிற்காது என்று அவருக்கே தெரியும். இந்தப் படத்துக்காகத்தான் இரண்டு வருடம் முன்னால் நீலகிரிக்குப் போனது, கோத்தகிரிக்குக் கீழே ஒரு காலனியில் பாக்கியத்தைக் கண்டுபிடித்தது. தாயகம் திரும்பியவர்கள் என்று கப்பலில் ஏற்றி அனுப்பிய சனம், அங்கேயும் தேயிலைதான் பறிக்கிறது. அவள் ஐம்பத்து மூன்று வயதுப் பொம்பளையாக, தலையில் துண்டோடு, மலையிலிருந்து வந்த கையோடு வாசலில் உட்கார்ந்தாள். யாரென்று சொன்னதும் எழுந்து கும்பிட்டாள். தலைவரே என்றாள். கும்பிட்டாளே, அதுதான் இன்னும் ஆறவில்லை. இவருடைய கேமரா சாவி முறுக்கி ஓடுகிற பழைய வகை, ஒரு முறுக்குக்கு அரை நிமிடம்கூட ஓடாது. சத்தத்தைப் பிடிக்கத் தனியாக ஒரு சின்னப் பெட்டி. அவள் சொன்னாள். நான்தான் தலைவரே எங்கப்பாவக் கெடுத்தேன். நீங்க வந்து கேட்டப்ப பாதமலைக்குப் போயிருக்குன்னு சொல்லாம அப்பா மலைக்குப் போயிருக்குன்னு சொல்லிப்புட்டேன். ஏழு வயசு, எனக்கு என்னா தெரியும். நீங்க வேற என்னா நெனைப்பீங்க. எங்கம்மா இன்னைக்கி வரைக்கும் உன் வாயாலதான்டின்னு சொல்லும். சொல்லிவிட்டு முகத்தை மூடிக்கொண்டாள், அத்தோடு சாவி தீர்ந்து கேமரா நின்றது. மறுபடி முறுக்கியிருக்கலாம். முறுக்கவில்லை. வாயைத் திறந்திருக்கலாம். திறக்கவில்லை. சத்தப் பெட்டி மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. அதில் நாற்பது விநாடி ஒன்றுமில்லை, எங்கேயோ ஒரு கோழி, உள்ளே படுத்திருந்த அவளுடைய அம்மா இருமியது, அவ்வளவுதான். அந்த நாற்பது விநாடியை யோஹென் கண்ணை மூடிக்கொண்டு கேட்டான். கேட்டுவிட்டு, இப்படி ஒரு மௌனத்தை நான் பதினைந்து வருடத்தில் கேட்டதில்லை என்றான். கறுப்புத் திரை போட்டு அதை அப்படியே விட்டிருக்கிறார்கள். அருங்காட்சியகத்து அம்மாள் அந்த இடத்தில் அழுதாளாம்.

அன்றைக்கு, ஏழு வயதில், அவள் மலைக்கு என்று சொல்லவில்லை. அதுதான் விஷயம், அதைச் சுற்றிச் சுற்றித்தான் மனது இரண்டு வருடமாய்ச் செக்குமாடு போல வருகிறது. சில நாள், அவள் சொன்னது மலைக்கு என்றுதானோ என்னவோ, அவளே சொல்கிறாளே, சொன்னவளைவிடக் கேட்டவனுக்கு என்ன தெரியும் என்று தோன்றும். தோன்றுவது வசதியாகத்தான் இருக்கும். ஆனால் கையில் ஞாபகம் இருக்கிறதே. எழுபத்தாறு தை மாதம், வேலைநிறுத்தம் தொடங்கிப் பதினோராவது நாள். விடிந்ததும் லயம் லயமாக ஆள் இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டு போனார், இருபத்து மூன்று வயது, வயிறு காலி, நெஞ்சு நிறைய திமிர். இருளப்பன் வீட்டு வாசற்படியில் அந்தப் பிள்ளை மரவள்ளிக்கிழங்குக்குத் தோல் உரித்துக்கொண்டிருந்தது. அப்பா எங்கே என்று கேட்டார். அப்பா பாதமலைக்குப் போயிருக்கு, நாளைக்கி வந்துரும் என்றது. தெளிவாகச் சொன்னது, நாளைக்கி வந்துரும் என்பது உட்பட. இவருக்குப் பற்றிக்கொண்டு வந்தது. சனம் பட்டினி கிடக்கிறது, இவன் கல்லில் பதிந்த காலடியைக் கும்பிடப் போயிருக்கிறான், போராட்டத்தை விட்டு ஓடினவனும் வேலைக்குப் போனவனும் ஒன்றுதான் என்று நினைத்தார். அப்படித்தான் நினைத்தார், அது பொய்யில்லை. இன்றைக்கும் சாமி கும்பிடுகிறவனைக் கண்டால் அவருக்குப் பாதி எரிச்சல்தான். ஆனால் அது மட்டுமா. அன்று காலை கீழ்ப்பிரிவில் நாலு பேர் நிசமாகவே வேலைக்குப் போயிருந்தார்கள். நாலு பேரும் சங்கக் கமிட்டியில் மூத்தவரான ஒருவருடைய சொந்தம், அவர் பேரை இப்போது நினைத்து என்ன பிரயோசனம். அவர்கள் பேரைப் போட்டால் கமிட்டி இரண்டாகும். பேர் போடாமல் விட்டால் நாளைக்கு நாற்பது பேர் போவார்கள். கருங்காலி என்று ஒரு பேர் வேண்டியிருந்தது. இருளப்பனுக்கு அந்தத் தோட்டத்தில் அண்ணன் தம்பி கிடையாது, மாமன் மச்சான் கிடையாது. மத்தியானம் ஸ்டென்சில் தாளைத் தகட்டின்மேல் விரித்து இரும்புப் பேனாவால் கீறினார். கருங்காலி இருளப்பனை அடையாளம் காணுங்கள், அவன் மகளே நம்மிடம் சொன்னாள், அப்பா பாதமலைக்குப் போயிருக்கு. கை பழக்கத்தில் உள்ளதை உள்ளபடி எழுதிவிட்டது. எழுதிவிட்டுப் பார்த்தார். ஸ்டென்சிலில் பிழை திருத்த ஒரு சிவப்பு மருந்து வரும், நகப்பூச்சு மாதிரி வாசம், குட்டித் தூரிகையோடு. அதைத் தொட்டு இரண்டே எழுத்து, பா, த, இரண்டின்மேலும் பூசினார். ஊதிக் காயவைத்தார். ரோனியோவில் முந்நூறு தாள் ஓட்டினார்கள். முந்நூறிலும் மலைக்கு என்பதற்கு முன்னால் இரண்டெழுத்து இடம் வெள்ளையாக இருந்தது. யாரும் கேட்கவில்லை. துண்டுப் பிரசுரத்தில் அச்சு விழாத இடம் இருப்பது சகஜம்.

அவர் படமெடுக்கக் கற்றுக்கொண்ட மன்றத்தில் முதல் நாள் வெட்டி ஒட்டச் சொல்லிக்கொடுத்தவன், கவலைப்படாதீர்கள், முதல் வெட்டு எல்லோருக்கும் கஷ்டம் என்றான். இவர் சிரித்தார், அவனுக்குக் காரணம் தெரியவில்லை. இருளப்பன் மறுநாள் வந்தான். பாதத்தில் வெடிப்பு வெடிப்பாக, நெற்றியில் திருநீறு அழியாமல், நேரே பெரட்டுக்களத்துக்கு வந்தான், காலையில் வேலைக்குப் பேர் கொடுக்க நிற்கிற அந்தத் திடலில்தான் சங்கக் கூட்டமும். அவன் சண்டைக்கு வரவில்லை. படிக்கத் தெரியாதவன். தாளில் தன் பேர் இருக்கிறதாமே, படித்துக் காட்டுங்க தலைவரே என்று கையால் கேட்பதுபோல அந்தக் காகிதத்தையே நீட்டினான். இவர் படித்தார். எல்லோர் முன்னாலும், உரக்க, நிறுத்தி நிறுத்தி, கூட்டத்தில் பேசுகிற அதே குரலில். மலைக்குப் போயிருக்கு என்ற இடத்தில் அவன் இன்னொருமுறை படிக்கச் சொன்னான். படித்தார். இருளப்பன் தாளை வாங்கி நாலாக மடித்து மடியில் செருகிக்கொண்டு வீட்டுக்குப் போனான். சாயங்காலம் அந்த லயத்தில் பிள்ளையின் அலறல் கேட்டது, ஏன்டி மலைன்னு சொன்ன, ஏன்டி மலைன்னு சொன்ன என்று தாய்க்காரி ஒவ்வொரு அடிக்கும் கேட்டாள். தாய்க்காரியும் அச்சடித்த தாளைத்தான் நம்பினாள். ஏழு வயதுப் பிள்ளைக்குத் தான் சொன்ன வார்த்தை எத்தனை அடிக்கு ஞாபகம் இருக்கும். அன்றைக்கோ மறுநாளோ அது அழிந்து, அந்த இடத்தில் பிரசுரத்து வார்த்தை உட்கார்ந்துவிட்டது. நினைவைப் பற்றி ஒன்பது படம் எடுத்தவனுக்கு இதுகூடத் தெரியாதா. பதினெட்டாவது நாள் வேலைநிறுத்தம் வென்றது. வென்றது, அதை யாரும் மறுக்க முடியாது, ஒன்பது மாதம் அந்தத் தோட்டத்தில் ஒருத்திக்குக்கூட அரைப் பேர் விழவில்லை. அந்த ஒன்பது மாதத்துக்காக இவர் வாழ்நாள் முழுக்க நெஞ்சை நிமிர்த்தியிருக்கிறார், இன்னமும் நிமிர்த்துவார். இப்போது அந்தத் தோட்டத்துச் சனத்தின் பேரன்கள் பட்டம் வாங்கிக்கொண்டு சங்கங்களைப் பற்றி ஆராய்ச்சி எழுதுகிறார்கள், அவர்களில் ஒருத்தனுக்காவது பதினெட்டு நாள் பட்டினி தெரியுமா. சரி. மறுப்புப் போடவேண்டும் என்று கமிட்டியில் இவரே ஒருமுறை சொன்னார். போராட்டம் நடக்கும்போது மறுப்புப் போட்டால் துரை சிரிப்பான் என்றார்கள், முடிந்ததும் போடலாம் என்றார்கள். முடிந்ததும் வேறு வேலை வந்தது. எழுபத்து மூன்று பிரசுரத்தில் அந்த ஒரு தாள் இல்லை. கட்டுப்பாடு என்று ஒரு குடும்பத்தை ஒதுக்கி வைத்தால் வைத்ததுதான், தண்ணீர்ப் பீலியில் இருளப்பன் பொஞ்சாதி எல்லோரும் குடம் நிரப்பிப் போகும்வரை நின்றாள். எழுபத்தெட்டில் அவர்களுக்கு இந்தியாவுக்குப் போகக் காகிதம் வந்தது. ஒரு குடும்பம் புறப்படுகிறது என்றால் அந்தக் காலத்தில் லயமே திரண்டு ஸ்டேஷன் வரைக்கும் போகும், ரயில் பெட்டியைப் பிடித்துக்கொண்டு கூடவே ஓடும், அதற்கே அழுகைக் கோச்சி என்று பேர். இருளப்பன் குடும்பத்தோடு ஒருத்தரும் போகவில்லை. ஒரு தகரப் பெட்டி, இரண்டு மூட்டை, முன்னால் அவன், நடுவில் பொஞ்சாதி, கடைசியில் அந்தப் பிள்ளை. இவர் பாலத்துக்கு மேலே நின்று பார்த்தார். பிள்ளை திரும்பிப் பார்த்துக் கையை ஆட்டியது. யாருக்கு ஆட்டியது என்று இவர் பின்னால் திரும்பிப் பார்த்தார், யாரும் இல்லை.

இருளப்பன் அங்கே போய் நாலாம் வருடம் செத்துப்போனானாம். இதைச் சொல்லும்போதும் அவள் இவரைக் குறை சொல்லவில்லை. அதுதான் அசதி. திட்டியிருந்தால் இவருக்குப் பதில் தெரியும், வாழ்நாள் முழுக்கப் பதில் சொல்லிப் பழகியவர், துரைக்கும் போலீசுக்கும் எதிர்ச் சங்கத்துக்கும் சொன்னவர். மன்னிப்பதுபோலவும் பேசவில்லை, மன்னிக்க என்ன இருக்கிறது என்று அவளுக்குத் தெரியவே தெரியாதே. புறப்படும்போது ஒன்றே ஒன்று கேட்டாள், படம் முடிஞ்சா எனக்கு அனுப்புங்க தலைவரே, எங்கம்மாவுக்குப் போட்டுக் காட்டுவேன். எதைப் போட்டுக் காட்டுவாள். முகத்தை மூடிக்கொண்டு தன் குற்றத்தைத் தானே சொல்கிற தன்னுடைய படத்தை, அந்தக் குற்றத்தை நாற்பத்தெட்டு வருடமாய்ச் சொல்லிக்காட்டுகிற தாய்க்கு, கூடவே நாற்பது விநாடி மௌனத்தோடு. கிழவி பார்த்துவிட்டு, பாத்தியா, தலைவரே ஒன்னும் சொல்லலையே என்பாள். அப்படியே சொல்வாள். இந்தப் படம் இன்று சாயங்காலம் இப்படியே போனால் பிரசுரத்துக்கு இரண்டாம் பதிப்பு. சொன்னால் என்ன ஆகும் என்றும் இவருக்குத் தெரியும். இத்தனை காலம் தேடிவைத்த ஒரே சொத்து அந்தப் பதினெட்டு நாள், அதிலும் ஓட்டை விழும். படித்த பேரன்கள் அதைப் பிடித்துக்கொள்வார்கள், தொழிற்சங்கத் தலைவரின் வாக்குமூலம் என்று கட்டுரை வரும், அந்த நாலு பேருடைய சொந்தக்காரர்கள் இன்றைக்குப் பெரிய மனிதர்கள், சிரிப்பார்கள். சிரிக்கட்டும் என்று மனது சொல்லிவிட்டு, உடனே, ஏன் சிரிக்கவேண்டும் என்றது. கமிட்டி முடிவு என்று சொல்லலாமா. கமிட்டி அந்தத் தாளைப் பார்க்கும்முன்பே மருந்து காய்ந்துவிட்டது. பசி என்று சொல்லலாமா. இருளப்பனுக்கும்தான் பசி. முதுகு வலித்தது. இந்தச் சலவைக் கூடத்து முதுகு எந்த நாற்காலிக்கும் அடங்காது. எழுந்து நிற்கலாம் என்றால் ஹெட்போன் வயர் எட்டவில்லை.

கதவு திறந்து யோஹென் வந்தான், மழையில் நனைந்திருந்தான், தோளில் வயர் சுருள். கண்ணாடி வழியே கட்டை விரலைக் காட்டினான். சாருகா மறுபடி மைக்கில் வாயை வைத்தாள். "அங்கிள், அந்த வரி?"

"அது இருக்கட்டும்மா. நீ போட்டது போட்டபடியே இருக்கட்டும். அதுக்கு அப்புறம் வருதே, சத்தமில்லாத எடம், அதுல நான் பேசணும்."

அவள் அதை யோஹெனுக்குச் சொன்னாள். அவன் முகம் மாறியது. இரண்டு கையையும் விரித்துக்கொண்டு நீளமாகப் பேசினான். இவருக்கே பாதிக்குமேல் விளங்கியது, ஆனாலும் சாருகா சொல்லட்டும் என்று இருந்தார். "அங்கிள், படமே அந்த அமைதியிலதான் நிக்குதாம். அதில கை வைச்சா எல்லாம் போயிடுமாம். அவர் கெஞ்சிக் கேக்கிறார்."

"அமைதின்னு அவரா நெனைச்சுக்கிட்டாரு. அங்க நான் வாயை மூடிக்கிட்டு நின்னேன். சொல்லு அவர்கிட்ட."

அவள் சொல்லவில்லை. இவரையே பார்த்தாள். பிறகு மெதுவாக, அங்க என்ன சொல்லப் போறீங்கள் என்று கேட்டாள். படத்துக்குச் சொல்லும்முன் சொல்லவேண்டிய ஆள் ஒருத்தி இருக்கிறாள், பத்து நிமிடம் கொடு என்றார். ஹெட்போனைக் கழற்றினார். காது வியர்த்திருந்தது. போனை எடுத்து, எண்ணெழுத்துத் தெரியக் கண்ணாடி மாட்டி, பாக்கியத்தின் பேரைத் தொட்டார். அங்கே மாலை ஏழு மணியாகியிருக்கும். இரண்டாவது மணியிலேயே எடுத்துவிட்டாள். குக்கர் சத்தம், அதை அணைக்கும் சத்தம், "சொல்லுங்க தலைவரே. படம் முடிஞ்சிருச்சா?"

இவர் பேசத் தொடங்கினார். தொடங்கியதும் எப்போதும்போல ஆரம்பத்திலிருந்துதான் வந்தது, எழுபத்தாறில் தோட்டத்தில் இருந்த நிலைமை, அரைப் பேர், பதினோரு நாள் பட்டினி, நிர்வாகத்தின் சூழ்ச்சி. அதெல்லாம் எனக்குத் தெரியுமே தலைவரே என்று அவள் இடையில் புகுந்தாள், குரலில் சலிப்பு இல்லை, சோறு இறக்கவேண்டிய அவசரம்தான் இருந்தது. இவருக்கு எழுதிவைத்ததெல்லாம் தீர்ந்துபோனது போலிருந்தது.

"பாக்கியம். அன்னைக்கி நீ பாதமலைன்னுதான் சொன்ன. நான்தான் பாதங்கிற ரெண்டு எழுத்தை அழிச்சுட்டு அச்சடிச்சேன்."

அவளுக்குப் புரியவில்லை. என்னா அழிச்சீங்க என்று கேட்டாள். ஸ்டென்சில், மருந்து, தூரிகை என்று விளக்கினார். விளக்க விளக்க அந்தப் பக்கம் சத்தம் குறைந்துகொண்டே வந்தது. பாத்திரம் தொடுகிற சத்தமும் நின்றது. உங்க அப்பா வேலைக்குப் போகலைன்னு எழுதும்போதே எனக்குத் தெரியும் என்றார். அதையும் சொல்லிவிட்டபிறகு சொல்ல ஒன்றும் மிச்சமில்லை. திட்டுவாள் என்று காத்திருந்தார். அழுவாள் என்று காத்திருந்தார். இரண்டுக்கும் அவர் தயாராக இருந்தார் என்றுதான் சொல்லவேண்டும்.

"நான் எங்க உக்காந்திருந்தேன்?" என்றாள் பாக்கியம்.

"வாசப்படியில. கெழங்கு உரிச்சுக்கிட்டு."

"பாதமலைன்னா சொன்னேன்?"

"அப்பா பாதமலைக்குப் போயிருக்கு, நாளைக்கி வந்துரும்னு சொன்ன."

போனை எதன்மேலோ வைக்கிற சத்தம் கேட்டது. வைத்தாளே தவிர துண்டிக்கவில்லை. காலடி அகன்று போனது, ஒரு கதவு, பிறகு வீட்டுக்கு உள்ளேயிருந்து அவள் குரல், காது கேளாதவரிடம் பேசுகிற உயர்ந்த குரல். "அம்மா. எந்திரிம்மா. நான் அன்னைக்கிச் சரியாத்தான் சொல்லியிருக்கேன்." கிழவி என்னவோ முனகினாள். யாரு போன்ல என்று கேட்டிருக்க வேண்டும். பாக்கியம், நான் சரியாத்தான் சொல்லியிருக்கேன் என்பதையே திரும்பச் சொன்னாள். மருதைவீரன் போனைக் காதில் வைத்தபடி பஞ்சுச் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவள் திரும்பி வந்து எடுப்பாள் என்று நினைத்தார். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் யோஹென் கடிகாரத்தைத் தட்டிக் காட்டினான், சாருகா அவன் கையைப் பிடித்துக் கீழே இறக்கினாள். அங்கே யாரும் போனை எடுக்க வரவில்லை.

"என்னாது?" என்றாள் கிழவி.

பாக்கியம் மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தாள். இந்தத் தடவை கிழவியின் காதருகே குனிந்திருப்பாள் போலிருக்கிறது, ஒவ்வோர் எழுத்தாக, பிள்ளைக்குச் சொல்லிக்கொடுப்பதுபோலச் சொன்னாள். "பா. த. ம. லை."